வெற்று எடை

மேலூர் ரோட்டில் யானைமலை தாண்டி
வலது பக்கம் எடைமேடை.
போன வைகாசியில் முந்நூறு ரூபாய்க்கு
அந்தக் கம்ப்யூட்டருக்கு விண்டோஸ் போட்டது நான்தான்.

ஒரிஜினல் ஒன்பதாயிரம் ஆகும் என்றேன்.
"அதுக்கு ஒரு டயரு வாங்கிருவேன்" என்றார் ராக்கப்பன்.
நானும் வற்புறுத்தவில்லை.
சாவிக்கொத்தில் தொங்கிய பென்டிரைவில் எல்லாம் இருந்தது:
விண்டோஸ், ஆபீஸ், தமிழ் எழுத்துரு, போட்டோ வேலை,
கேட்கும் முன்பே திறந்துகொள்ளும் பூட்டு.
டவுன்ஹால் ரோடு மாடியில் ஒருத்தன் கொடுத்தது.
அவனுக்குக் கொடுத்தது யார்?
மாடி போர்ஷனுக்கு வாடகைக்கு வருகிறவனிடம்கூட
நாலு கேள்வி கேட்கிறோம்.

அதுதான் என்னிடம் ஒன்று கேட்டது:
வைரஸ் காவலைக் கொஞ்ச நேரம் அணைத்து வை.
அணைத்தேன்,
வாட்ச்மேனை டீ குடிக்க அனுப்பிவிட்டு
லாரியைப் பின்பக்கமாக உள்ளே விட்டதுபோல.

ஐப்பசியில் நாகஜோதி கூப்பிட்டாள்.
ராத்திரி ஷிப்டு அவளுடையது.
"அண்ணே, வண்டியே வராத ரெண்டு மணிக்கு
இது ஏன்ணே இப்படி இரையுது?
நெல்லு அவிக்கிற அடுப்பு கணக்கா சூடு."
தூசியாக இருக்கும் என்றேன்.
போய்த் திறந்து ஊதியும் காட்டினேன்.
பெட்டிக்குள் யாரோ யாருக்கோ
கூலி இல்லாமல் கல் உடைத்துக்கொண்டிருந்தார்கள்.
மின்கட்டணம் ராக்கப்பனுடையது.

அவள் திரையில் ஒரு வரியைத் தொட்டாள்.
உரிமம் பெற்றவர்:
கடல் தாண்டி எங்கோ ஒரு பல்கலைக்கழகம்.
"நம்ம எப்பண்ணே காலேஜ் ஆனோம்?"
நான் சிரித்தேன். அவள் சிரிக்கவில்லை.
"நாளைக்கு எவனாச்சும் ரசீது கேட்டா
யாரு பேரச் சொல்ல?"

வருஷம் தவறாமல் ஆய்வாளர் வருகிறார்.
எடைக்கல் ஏற்றிச் சோதித்து
மேடைக்கு ஈய முத்திரை குத்திவிட்டுப் போகிறார்.
மேடை சொல்வதை எழுதிக்கொள்ளும் பெட்டிக்கு
முத்திரை குத்த வேண்டியவன் நான்.

அசல் கோப்புக்குக் கம்பெனி தந்த எண் ஒன்று உண்டு,
அறுபத்து நாலு எழுத்து.
உள்ளே ஒரு புள்ளி நகர்ந்தாலும்
வரிசை முழுக்க மாறிப்போகும்.
எடைச்சீட்டு வாசிக்கும் அதே குரலில்
அவள் அசலை வாசித்தாள்.
என் பென்டிரைவின் எண் மேல் நான் விரல் வைத்திருந்தேன்.
முதல் எழுத்திலேயே விரல் நின்றுவிட்டது.

"அப்ப வெறும் வண்டின்னு நம்ம புடிச்ச எடையே தப்புண்ணே.
இங்க வர்றதுக்கு முன்னாடியே ஏத்திட்டாய்ங்க."

ஆபீஸையும் சேர்த்துக் கட்டியவன்
எண்ணை மாற்றாமல் எப்படிக் கட்டுவான் என்றேன்.
மாறத்தான் செய்யும்.
"வேற என்னத்தச் சேத்தான்?"
அதை எந்த எண்ணும் சொல்லாது.

ஒத்தக்கடைப் பல் ஆஸ்பத்திரி.
கல்லூரி வாசல் ஜெராக்ஸ்.
நரசிங்கம் ரோட்டுக் கல்யாண மண்டபம்.
திருமோகூரில் ஒரு பால் சங்கத்துக் கணக்கு.
என் தங்கச்சியின் லேப்டாப், அவள் பேங்க் பாஸ்வேர்டோடு.
நோட்டில் குறித்த வரைக்கும் நூற்றுப் பதினேழு.
குறிக்காதது
சாவிக்கொத்துக்குத்தான் தெரியும்.

நாகஜோதி பென்டிரைவை எடுத்துப்போய்
மேடை நடுவில் வைத்துவிட்டு வந்தாள்.
சிவப்பு எண்கள் அசையவில்லை.
"பத்துக் கிலோவுக்குக் கீழ
இதுக்குக் கண்ணு தெரியாதுண்ணே."

நாலரைக்கு முதல் கல் லாரி ஹாரன் அடித்தது.
நான் நெட் வயரைப் பிடுங்கினேன்.
அவள் கார்பன் தாள் வைத்த பழைய சீட்டுப் புத்தகத்தைத்
தூசி தட்டாமலே திறந்தாள்.
பென்டிரைவ் மேல் பத்துச் சக்கரமும் ஏறி நின்றது.
யாரும் எடுக்கப் போகவில்லை.

வெளியே வந்து
பல் டாக்டர் நம்பரை அழுத்தினேன்.
எதிரே மலை படுத்தபடியே இருந்தது.
மணி போய்க்கொண்டே இருந்தது.
இந்நேரத்துக்கு யார் எடுப்பார்கள் என்று
அப்புறம்தான் உறைத்தது.

வைக்கவில்லை.